மட்டிச் சிப்பியின் தெளிந்த சாறு

பெங்களூரு நகரம் கடல் மட்டத்திற்கு மேல் ஏறத்தாழ 920 மீட்டர் உயரத்தில் அமைந்துள்ளது. அதற்கு அண்மைக் கடற்கரைகளுள் ஒன்றான மங்களூருக்குச் செல்லும் சாலை சுமார் 350 கிலோமீட்டர் நீளமுடையது. இவ்வளவு தொலைவு இருந்தும், கரையோர மாவட்டங்களிலிருந்து வந்து குடியேறிய மக்கள் தங்கள் ஊர்ச் சுவையைக் கைவிடவில்லை. மீன் விற்கும் சந்தைகளில் சில நாட்களில் ஈரச் சாக்கில் கட்டிய மட்டிச் சிப்பிகள் வந்திறங்குவதைக் காணலாம். அவற்றை வாங்கிச் செல்வோர் பெரும்பாலும் தேங்காய் அரைத்த குழம்பாகவோ வறுவலாகவோ சமைக்கின்றனர். அதே சிப்பியைக் கொண்டு, பாலும் மாவும் தேங்காயும் கலவாத தெளிந்த சாறு ஒன்றை வீட்டிலேயே ஆக்கும் முறையை இக்கட்டுரை விளக்குகிறது.

இம்முறையைத் தேர்ந்ததற்குக் காரணம் உண்டு. காரமும் தேங்காயும் சேர்ந்த குழம்பு பல குறைகளை மறைத்துவிடும். மணல் இருந்தாலும், சிப்பி பழையதாயினும், நாவுக்கு உடனே புலப்படாமற் போகலாம். தெளிந்த சாறோ எதையும் மறைப்பதில்லை. அதைச் சரியாக ஆக்க வேண்டுமாயின், சிப்பி என்னும் உயிர் எவ்வாறு வாழ்கிறது என்பதைச் சமைப்பவர் அறிந்திருத்தல் வேண்டும். ஆயினும் கண்ணுக்குத் தெளிவாகத் தோன்றும் சாறு தீங்கற்றது என்று கொள்ளலாகாது. தெளிவு எதைக் காட்டும், எதைக் காட்டாது என்னும் வேறுபாட்டை உணர்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

பெயரும் வகையும்

தமிழகக் கடற்கரையில் மட்டி என்றும், துளு நாட்டில் மருவாய் என்றும், கொங்கணி பேசுவோரிடையே குபே என்றும், கேரளத்தில் கக்கா என்றும் வழங்கப்படுவன யாவும் இரட்டை ஓடு கொண்ட சிப்பி இனங்களே. இவற்றுள் நம் கழிமுகங்களில் மிகுதியாகக் கிடைப்பவை மூன்று. மெரெட்ரிக்ஸ் காஸ்டா என்பது வழவழப்பான தடித்த ஓடுடையது. இரு கரைகளின் உப்பங்கழிகளிலும் வாழ்வது. பாஃபியா மலபாரிகா என்று நெடுங்காலம் அழைக்கப்பட்டு வந்தது, ஓட்டின்மேல் வரிவரியான மேடுகளை உடையது. மேற்குக் கரைக் கழிமுகங்களுக்கு உரியது. வில்லோரிட்டா சைப்ரினாய்டஸ் எனப்படும் கருஞ்சிப்பி, உப்புக் குறைந்த நீரை விரும்புவது. வேம்பநாட்டுக் காயலில் ஏராளமாக எடுக்கப்படுகிறது.

தென் கன்னட மாவட்டம் 1956ஆம் ஆண்டு வரை சென்னையின் ஆட்சிப் பகுதியாக இருந்தது. ஆகையால் அக்கரையின் சிப்பி வளம் பற்றிய பழைய குறிப்புகள் சென்னை மாகாண மீன்துறையின் வெளியீடுகளிலேயே காணப்படுகின்றன. அத்துறையில் பணியாற்றிய ஜேம்ஸ் ஹார்னெல், மாகாணத்தின் உண்ணத்தக்க சிப்பி இனங்களைத் தொகுத்து எழுதியவர். இன்று கர்நாடகத்தில் குமட்டா வட்டத்து அகநாசினிக் கழிமுகம், முல்கி, உத்யாவரம் முதலிய இடங்களில் சிப்பி எடுக்கும் தொழில் நடைபெறுகிறது. நீர் வற்றும் வேளையில் சேற்றில் இறங்கிக் கையால் துழாவி எடுப்போருள் பெண்கள் பலர். நாம் சந்தையில் காணும் ஒரு கூடைச் சிப்பிக்குப் பின்னால், முதுகு வளைந்து நிற்கும் பல மணி நேர உழைப்பு இருக்கிறது.

ஓட்டின் உள்ளே

சிப்பி இரை தேடி அலைவதில்லை. மணலிலோ சேற்றிலோ புதைந்திருந்து, இரு குழல்களை மேலே நீட்டுகிறது. ஒரு குழல் வழியாக நீர் உட்புகும். மறு குழல் வழியாக வெளியேறும். இடையில் உள்ள செவுள்களின்மேல் அமைந்த நுண்ணிய மயிரிழைகள் ஓயாது அசைந்து, நீரில் மிதக்கும் நுண்பாசிகளையும் பிற துகள்களையும் வடித்தெடுக்கின்றன. சுவாசிப்பதும் உண்பதும் ஒரே நீரோட்டத்தால் நிகழ்கின்றன.

இதிலிருந்து இரு உண்மைகள் பெறப்படும். முதலாவது, வடிகட்டி வாழும் உயிரின் உடலில் அது வாழும் நீரின் தன்மை முழுவதும் பதிந்துவிடும். நீரில் சாக்கடை கலந்தால் அதன் கிருமிகளும், ஆலைக் கழிவு கலந்தால் காட்மியம், ஈயம் போன்ற உலோகங்களும், நச்சுப் பாசி பெருகினால் அதன் நஞ்சும் சிப்பியின் உடலில் சேர்கின்றன. இரண்டாவது, சதையோடு சிறிது மணலும் உள்ளே தங்கும்.

ஓடு திறப்பதும் மூடுவதும் கவனிக்கத்தக்கவை. இரு ஓடுகளையும் இணைக்கும் முதுகுப்புறத்தில் மீள்தன்மையுள்ள நார் ஒன்று உண்டு. அது எப்போதும் ஓட்டைத் திறக்கவே முயல்கிறது. உள்ளே உள்ள இரு தசைகள் அதனை எதிர்த்து இழுத்து மூடி வைக்கின்றன. எனவே மூடியிருப்பதற்கு உயிரின் முயற்சி வேண்டும். திறப்பதற்கு முயற்சி வேண்டா. சிப்பி இறந்ததும் தசை தளர, ஓடு தானே வாய் பிளக்கிறது. கொதிநீரில் இட்டதும் ஓடு திறப்பது இதே காரணத்தால்தான். வெப்பத்தால் தசையின் பிடி விட்டுவிடுகிறது. இந்த எளிய உண்மையே, சிப்பி வாங்குவோர்க்கும் சமைப்போர்க்கும் வழிகாட்டியாகும்.

வாங்கும்போது அறிய வேண்டுவன

உயிருள்ள சிப்பியையே வாங்குதல் வேண்டும். இறந்த சிப்பியின் சதை மிக விரைவில் கெடும். மூடியிருக்கும் சிப்பிகளைத் தேர்ந்தெடுக்கலாம். சற்றே திறந்திருப்பதை மற்றொன்றின்மேல் மெல்லத் தட்டிப் பார்க்க வேண்டும். உயிருள்ளதாயின் மெதுவாக மூடிக்கொள்ளும். மூடாததைத் தள்ளிவிடுதல் வேண்டும். ஓடு உடைந்தவற்றையும், கெட்ட நாற்றமுடையவற்றையும் கொள்ளலாகாது. அளவுக்கு மிஞ்சிய கனமுள்ள சிப்பியும் ஐயத்திற்குரியது. சில வேளைகளில் இறந்த சிப்பியின் வெற்று ஓட்டுக்குள் சேறு நிறைந்து மூடிக்கொண்டிருக்கும். அத்தகைய ஒன்று பாத்திரத்தில் திறந்துவிட்டால் சாறு முழுவதும் சேறாகிவிடும்.

மேற்குத் தொடர்ச்சி மலையைக் கடந்து இரவு முழுவதும் பயணம் செய்து வரும் சிப்பிக்கு ஈரமும் குளிர்ச்சியும் காற்றும் வேண்டும். ஈரச் சாக்கு இம்மூன்றையும் தருகிறது. காற்றுப் புகாத பிளாஸ்டிக் பையில் இறுக்கிக் கட்டுவதும், உருகும் பனிக்கட்டி நீரில் மூழ்க வைப்பதும் தவறாகும். நன்னீர் உட்புகுந்தால் கழிமுகச் சிப்பி வலுவிழந்து இறக்கும். வீட்டிற்குக் கொணர்ந்ததும் ஈரத்துணி போர்த்தி, குளிர்பதனப் பெட்டியின் கீழ்த்தட்டில் வைத்து, அன்றோ மறுநாளோ சமைத்துவிடுவது நலம்.

விற்பவரிடம் கேட்க வேண்டிய முதற்கேள்வி விலையன்று. சிப்பி எந்தக் கழிமுகத்திலிருந்து, எந்நாளில் எடுக்கப்பட்டது என்பதே. விடை தெரியாத இடத்தில் வாங்காமலிருப்பது அறிவுடைமை.

மணல் நீக்கும் முறை

ஒரு லிட்டர் நீரில் 25 முதல் 30 கிராம் வரை உப்பைக் கரைத்துக் கொள்ள வேண்டும். கடல்நீரில் லிட்டருக்கு ஏறத்தாழ 35 கிராம் உப்பு உள்ளது; கழிமுக நீரில் அதனினும் குறைவு. பெங்களூருவில் குழாய் வழி வரும் காவிரி நீர் குளோரின் இட்டுத் தூய்மை செய்யப்படுவது. குளோரின் நமக்கு நன்மை செய்வதாயினும் சிப்பிக்குத் தீங்கானது. எனவே நீரைக் கொதிக்க வைத்து ஆற்றி, பின்னர் ஒரு பாத்திரத்திலிருந்து மற்றொன்றுக்குப் பலமுறை ஊற்றிக் காற்றுக் கலக்கச் செய்து பயன்படுத்துதல் வேண்டும்.

அகன்ற தட்டம் ஒன்றில் சல்லடையைக் கவிழ்த்து வைத்து, அதன்மேல் சிப்பிகளை ஒரே அடுக்காகப் பரப்பி, அவை மூழ்குமளவு உப்புநீர் ஊற்ற வேண்டும். துணியால் மூடி, இருண்ட குளிர்ந்த இடத்தில் 3 அல்லது 4 மணி நேரம் வைக்கலாம். குழல்கள் மெல்ல வெளிவந்து நீரை உறிஞ்சி உமிழத் தொடங்கும். அதனுடன் மணலும் வெளிவரும். சல்லடையின் கண்கள் வழியாக மணல் அடியில் தங்குவதால், சிப்பி அதை மீண்டும் உள்ளிழுக்க இயலாது. ஆழமான பாத்திரத்தில் குவித்து வைத்தால் உயிர்வளி போதாமல் சிப்பிகள் மடியும். இறுதியில் ஒவ்வொன்றையும் ஓடும் நீரில் தூரிகையால் தேய்த்துக் கழுவ வேண்டும்.

இம்முறை மணலை நீக்குமேயன்றிக் கிருமிகளை முற்றும் நீக்காது. சிப்பித் தூய்மையாக்கும் நிலையங்களில் புறஊதாக் கதிரால் தூய்மை செய்யப்பட்ட கடல்நீரைப் பல மணி நேரம் ஓடவிட்டுக் கிருமிகளின் தொகையைக் குறைக்கின்றனர். வீட்டுத் தட்டத்தை அந்நிலையத்திற்கு ஈடாகக் கருதலாகாது.

சாறு எடுத்தல்

அமெரிக்காவில் சிப்பியும் உருளைக்கிழங்கும் வெங்காயமும் சேர்த்து ஆக்கும் சாறு சௌடர் எனப்படும். கொப்பரையைக் குறிக்கும் பிரெஞ்சுச் சொல்லிலிருந்து இப்பெயர் வந்தது என்பர். நியூ இங்கிலாந்துப் பகுதியார் பெரும்பாலும் பால் சேர்ப்பர். மன்ஹாட்டன் முறையில் தக்காளி சேரும். ரோட் ஐலண்ட் மாநிலத்தின் தென்கரையில் இவ்விரண்டும் சேராத தெளிந்த சாறே மரபாக வழங்குகிறது. சோற்றுடன் உண்ணும் இரசத்தைக் கன்னடத்தார் சாறு என்றே அழைப்பதால், பெங்களூரு வீடுகளுக்குத் தெளிந்த சாறு புதிய கருத்தன்று. அதில் இடும் பொருளே புதிது.

நால்வருக்கு வேண்டுவன: ஓட்டுடன் கூடிய சிப்பி 1 கிலோகிராம், உருளைக்கிழங்கு 250 கிராம், நடுத்தர வெங்காயம் 1, செலரித் தண்டு 1 அல்லது ஒரு பிடி கொத்தமல்லித் தண்டு, வெண்ணெய் 1 மேசைக்கரண்டி, பிரிஞ்சி இலை 1, மிளகுத்தூள் சிறிதளவு, நீர் 750 மில்லிலிட்டர். சிப்பியின் எடையில் பெரும்பகுதி ஓடாகையால் சதை மிகக் குறைவாகவே தேறும். அதனால் ஏமாற்றம் கொள்ள வேண்டா. இவ்வுணவின் சிறப்புச் சாற்றிலேயே உள்ளது.

முதலில் 250 மில்லிலிட்டர் நீரை அகன்ற பாத்திரத்தில் நன்கு கொதிக்க வைத்துச் சிப்பிகளை இட்டு இறுக மூட வேண்டும். சில நிமிடங்களில் ஓடுகள் திறக்கத் தொடங்கும். திறந்தவுடன் இறக்கிவிடும் வழக்கம் பலரிடம் உள்ளது, அது போதாது. ஓடு திறப்பது தசையின் பிடி தளர்ந்ததற்கு அடையாளமே தவிர, சதையின் நடுப்பகுதி வெந்ததற்கு அடையாளமன்று. கழிவுநீர் வழியாகச் சிப்பியில் சேரும் மஞ்சட்காமாலை வைரசை அழிக்க, சதையின் உட்பகுதி 90 டிகிரி சென்டிகிரேடு வெப்பத்தில் குறைந்தது ஒன்றரை நிமிடம் இருத்தல் வேண்டும் என்று கணக்கிட்டுள்ளனர்.

இங்கே பெங்களூருவின் உயரத்தையும் எண்ணிப் பார்க்க வேண்டும். மேலே செல்லச் செல்லக் காற்றின் அழுத்தம் குறைவதால் நீர் குறைந்த வெப்பத்திலேயே கொதிக்கிறது. மங்களூரில் 100 டிகிரியில் கொதிக்கும் நீர், பெங்களூருவில் ஏறத்தாழ 97 டிகிரியிலேயே கொதித்துவிடும். வேறுபாடு சிறிதாயினும், பாதுகாப்புக்கென நாம் வைத்திருக்கும் இடைவெளி அந்த அளவுக்குச் சுருங்குகிறது. ஆகவே எல்லா ஓடுகளும் திறந்த பின்னர், மூடியபடியே மேலும் 5 நிமிடம் குறையாமல் கொதிக்கவிடுதல் வேண்டும். அதன் பின்னும் திறவாதவற்றை வலிந்து திறக்காமல் எறிந்துவிடுதல் நலம்.

சிப்பிகளை வெளியே எடுத்தபின், பாத்திரத்தில் உள்ள சாற்றை அசைக்காமல் 10 நிமிடம் தெளியவிட வேண்டும். பின்னர் இரண்டாக மடித்த மெல்லிய துணியின் வழியே மெதுவாக வடித்து, அடியில் தங்கிய கடைசி இரண்டு கரண்டியை விட்டுவிட வேண்டும். அதைக் காக்க முற்பட்டால் முழுச் சாறும் மணலாகும். வடித்த சாற்றில் குளுட்டாமிக் அமிலம், கிளைசின் முதலிய அமினோ அமிலங்களும், சிப்பிக்கே உரிய சுவையளிக்கும் சக்சினிக் அமிலமும் உள்ளன. இயல்பான உப்பும் அதில் கரைந்திருக்கும். ஆகையால் இறுதிவரை உப்புச் சேர்க்கலாகாது. சுவைத்துப் பார்த்த பின்னரே முடிவு செய்தல் வேண்டும்.

உருளைக்கிழங்கைச் சிறு கட்டங்களாக நறுக்கி, கழுவிய நீர் வெளுப்பின்றி வரும்வரை இரண்டு மூன்று முறை அலச வேண்டும். வெட்டுவாயில் கசியும் மாவுப்பொருளே சாற்றைக் கலங்கச் செய்வது. வெண்ணெயில் வெங்காயத்தையும் தண்டையும் நிறம் மாறாமல் வதக்கி, கிழங்கும் பிரிஞ்சி இலையும் எஞ்சிய 500 மில்லிலிட்டர் நீரும் சேர்த்து, மெல்லிய தீயில் வேகவிட வேண்டும். கிழங்கு வெந்ததும் சிப்பிச் சாற்றை ஊற்றி, சதையை இட்டு, ஒரு கொதி வந்ததும் இறக்கி மிளகு தூவலாம். சதையை நெடுநேரம் கொதிக்கவிட்டால் இரப்பர் போலாகும். அழுத்தக் கொதிகலன் இதற்கு ஏற்றதன்று.

ஆக்கிய சாற்றை அன்றே உண்ணுதல் வேண்டும். சிப்பி, இறால் முதலியவை உடலுக்கு ஒவ்வாதவர்கள் இதனைத் தவிர்க்க வேண்டும்.

கொதிநீரால் ஆகாதது

மேற்கூறியவை யாவும் மணலையும் கிருமியையும் பற்றியவை. மூன்றாவதான ஒரு தீங்கிற்குச் சமையலறையில் பரிகாரம் இல்லை. கடல்நீரிலும் கழிநீரிலும் டைனோஃபிளஜெல்லேட்டு எனப்படும் சில நுண்பாசி இனங்கள் சில பருவங்களில் திடீரெனப் பெருகுகின்றன. அவற்றுள் சில, சாக்சிடாக்சின் என்னும் நஞ்சை உண்டாக்குகின்றன. அலாஸ்காக் கரையில் வாழும் சாக்சிடோமஸ் என்னும் சிப்பியின் பெயரால் அந்நஞ்சு இப்பெயர் பெற்றது. பாசியை வடித்துண்ணும் சிப்பிக்கு அதனால் பெருந்தீங்கு இல்லை. அச்சிப்பியை உண்ணும் மனிதனுக்கோ நரம்புகள் செயலற்றுப் போகின்றன. இந்நஞ்சுக்கு நிறமில்லை, மணமில்லை. கொதிக்க வைத்தாலும் அழிவதில்லை. சாற்றிலும் கரைந்து வரும்.

இது அயல்நாட்டுச் செய்தி மட்டுமன்று. 1981ஆம் ஆண்டில் தமிழகத்தில் கல்பாக்கத்தை அடுத்த வயலூரில் சிப்பி உண்ட பலர் நோயுற்றனர், மூவர் உயிரிழந்தனர். 1983ஆம் ஆண்டில் மங்களூருக்குத் தெற்கே கும்பளைக் கழிமுகப் பகுதியில் இத்தகைய நச்சு நிகழ்ச்சி ஏற்பட்டது. மங்களூர் மீன்வளக் கல்லூரி ஆய்வாளர்கள் அதனை ஆராய்ந்து எழுதிய குறிப்பு, பெங்களூருவிலிருந்து வெளிவரும் 'கரண்ட் சயன்ஸ்' இதழில் 1984ஆம் ஆண்டில் வெளியாயிற்று. 1997ஆம் ஆண்டில் கேரளத்து விழிஞ்ஞத்தில் கல்லுமக்காய் உண்டதால் நேர்ந்த நச்சு நிகழ்ச்சியிலும் உயிர்கள் பலியாயின. வழக்கமாக உண்ணும் உணவை, வழக்கமான முறையில் சமைத்து உண்டவர்களே இவ்வாறு பாதிக்கப்பட்டனர் என்பது நினைவிற் கொள்ளத்தக்கது.

உலக நாடுகள் பலவும் 100 கிராம் சதைக்கு 80 மைக்ரோகிராம் சாக்சிடாக்சினுக்கு மேற்படலாகாது என வரம்பு செய்துள்ளன. இதனை அளக்க ஆய்வுக்கூடம் வேண்டும். பொதுமக்கள் செய்யத்தக்கது வேறு. நீர் செந்நிறமாகவோ பழுப்பாகவோ மாறியிருக்கும் காலத்தும், மீன்கள் செத்து மிதக்கும் காலத்தும், அவ்விடத்துச் சிப்பியை எடுக்கவும் வாங்கவும் கூடாது. நீர் நிறம் மாறாமலும் நஞ்சு இருக்கக்கூடும் என்பதால், மீன்வளத் துறையினர் விடுக்கும் எச்சரிக்கையை ஊர்தோறும் கொண்டு சேர்த்தல் இன்றியமையாதது.

சிப்பி உண்டபின் உதடும் நாவும் மதமதத்துப் போதல், விரல் நுனிகளில் ஊசி குத்துவது போன்ற உணர்ச்சி, தள்ளாட்டம் ஆகியவை தோன்றினால் சிறிதும் காலந்தாழ்த்தாமல் மருத்துவமனைக்குக் கொண்டு செல்லல் வேண்டும். இவை அரைமணி நேரத்திற்குள்ளேயே தொடங்கக்கூடும். முறிவு மருந்து இல்லை. ஆனால் மூச்சுத் தசைகள் செயலிழக்கும் வேளையில் செயற்கைச் சுவாசம் அளித்து வந்தால், நஞ்சு உடலினின்று நீங்கி நோயாளி பிழைக்க வாய்ப்புண்டு. கரையோரக் களப் பணியாளர் இந்த ஒரு செய்தியை மக்களிடம் பரப்பினாலே சில உயிர்களைக் காக்க இயலும்.

பள்ளியில் செய்து காட்டத்தக்கவை

ஆசிரியர்கள் ஒரு கூடைச் சிப்பியைக் கொண்டே பல பாடங்களை நடத்தலாம். இரு கண்ணாடிச் சாடிகளில் ஒரே அளவு உப்புநீர் நிரப்பி, ஒவ்வொன்றிலும் ஒரு கரண்டி நுண்ணிய களிமண் கரைசலைக் கலக்க வேண்டும். ஒன்றில் மட்டும் உயிருள்ள சிப்பிகள் ஆறினை இட்டு, அசைக்காமல் இரண்டு மணி நேரம் வைத்து ஒப்பிட்டால், சிப்பியுள்ள சாடி விரைவில் தெளிவதை மாணவர் காண்பர். களிமண் தானாகவும் படியுமாகையால் இரண்டாம் சாடி இன்றியமையாதது. எந்தச் சோதனைக்கும் ஒப்புநோக்கும் பொருள் வேண்டும் என்னும் விஞ்ஞான நெறியை இது கற்பிக்கிறது. சோதனைக்குப் பயன்பட்ட சிப்பியை உண்ணலாகாது.

வெப்பமானி ஒன்றினால் தம் ஊரில் நீர் கொதிக்கும் வெப்பநிலையை அளந்து, கடற்கரைப் பள்ளி ஒன்றின் அளவோடு ஒப்பிடலாம். வெற்று ஓட்டின் துண்டைக் காடியில் இட்டால் குமிழிகள் எழும்; அது கரியமில வாயு. ஓடு கால்சியம் கார்பனேட்டால் ஆனது என்பதற்கு இது சான்று. சிப்பியைச் சுட்டுச் சுண்ணாம்பு எடுக்கும் பழைய தொழிலின் விளக்கமும் இதில் அடங்கும்.

முடிவுரை

கேரளத்து அஷ்டமுடிக் காயலில் டிசம்பர் முதல் பிப்ரவரி வரை சிப்பி எடுப்பதை நிறுத்தி, இனப்பெருக்கத்திற்கு இடமளிக்கின்றனர். சிறு சிப்பிகள் தப்பிச் செல்லும்படி வலைக் கண்ணின் அளவையும் வரையறுத்துள்ளனர். இந்த ஒழுங்கின் பயனாக, 2014ஆம் ஆண்டில் அக்காயலின் சிப்பித் தொழில் கடல்வளப் பொறுப்பு மன்றத்தின் சான்றிதழைப் பெற்றது. இந்தியாவில் அச்சான்றிதழைப் பெற்ற முதல் மீன்தொழில் அதுவே. கழிமுகம் தூய்மையாக இருப்பதும், அதில் எடுப்போர் அளவறிந்து எடுப்பதும் ஒன்றையொன்று தாங்கி நிற்பவை.

பெங்களூருவின் சமையலறையில் கிண்ணத்தில் ஊற்றிய சாறு அடிவரை தெரியுமாறு தெளிந்திருந்தால், சமைத்தவர் தம் கடமையைச் செய்தார் எனலாம். அச்சாற்றில் கண்ணுக்குத் தெரியாதவற்றைக் காப்பது 350 கிலோமீட்டருக்கு அப்பாலுள்ள கழிமுகத்தின் பொறுப்பு. அக்கழிமுகத்தைக் காப்பது, அதன் கரையில் வாழ்வோரும், அதிலிருந்து உண்போரும் ஆகிய நம் அனைவரின் பொறுப்பாகும்.